இருபத்து மூன்றாம் விருந்தினர்

சான் எலியாஸ் ஊரின் நிலச்சபைச் செயலாளர் பதவி எனக்கு வந்ததற்குக் காரணம் என் கையெழுத்து அல்ல, என் தொண்டை. கூட்டம் தொடங்குமுன் முப்பத்தொரு உறுப்பினர்களின் பெயரையும் ஊர் முழுக்கக் கேட்கும்படி கூப்பிட ஒரு ஆள் வேண்டியிருந்தது. பிறகு ஒலிபெருக்கி வந்துவிட்டது. ஆனாலும் பதவி என்னிடமே தங்கிவிட்டது. ஆகவே நசாரியோ கனுலுக்கு அந்தச் செவ்வாய்க்கிழமை நேர்ந்ததைச் சொல்ல வேண்டியவன் நான்தான். பகல் பதினொரு மணிக்கு அவன் பெயரை மூன்று முறை கூப்பிட்டுவிட்டு, எதிரே 'வரவில்லை' என்று எழுதியவனும் நானே.

அன்றைய கூட்டம் சாதாரணக் கூட்டம் இல்லை. ஊரை ஒட்டி, எங்கள் மாயா முன்னோர் படிவைத்துக் கட்டிய ஒரு மேடு இருக்கிறது. அரசாங்கப் பலகையில் அதற்குத் தொன்மையான ஒரு பெயர் உண்டு. எங்களுக்கு அது மேடுதான். கப்பலில் வருகிறவர்களைக் கூட்டி வந்து அந்த மேட்டையும் தள்ளியிருக்கும் காயலையும் ஒரே நாளில் காட்டும் கம்பெனி, மேட்டுக்கும் சாலைக்கும் நடுவே உள்ள எங்கள் பொதுநிலத்தை முப்பது வருடக் குத்தகைக்குக் கேட்டது. 'இயற்கை அனுபவப் பூங்கா' வைக்கப் போகிறார்களாம். அந்த நிலத்தில் ஏற்கெனவே இருந்த இயற்கை நசாரியோவின் அன்னாசித் தோட்டம்.

உறுப்பினர்களில் பதினான்கு பேர் கம்பெனியிலேயே வேலை பார்க்கிறவர்கள். அவர்களும் தலைவர் ருத்திலியோவும் பூங்காவுக்கு ஆதரவு. மீதிப் பதினாறு பேர் எதிர்ப்பு. நசாரியோ வராவிட்டால் பதினைந்துக்குப் பதினைந்து. சமமானால் தலைவர் கை எந்தப் பக்கமோ அந்தப் பக்கம். இதை நசாரியோ ஒரு வாரமாகத் தூக்கத்தில்கூடச் சொல்லிக்கொண்டிருந்ததாக அவன் மனைவி ஆவெலினா பிறகு என்னிடம் சொன்னாள்.

அன்று விடிகாலையில் அவன் கப்பல்துறையில் உள்ள ஒரு பழச்சாற்றுக் கடைக்கு அன்னாசி இறக்கப் போனான். திரும்புவதற்கு வழக்கமாக வரும் வேன் வரவில்லை. மணி ஏழரை. அப்போது கண்ணில் பட்டது அவன் மைத்துனன் வில்பெர்த்தின் பேருந்து. ஆவெலினாவின் தம்பி வில்பெர்த் கம்பெனியின் வழிகாட்டி. பேருந்து எங்கள் ஊரைத் தாண்டித்தான் மேட்டுக்குப் போகும்.

"டேய் வில்பெர்த்து, ஊர்கிட்ட என்னை இறக்கி விட்ரு."

"ஐயோ மச்சான், வெளியாளை ஏத்தினா என் வழிகாட்டி அட்டையைப் பிடுங்கிருவாங்க."

அந்த நேரத்தில் பேருந்தின் படியில் ஒரு பெண் பதறிக்கொண்டிருந்தாள். பெயர் யாமிலெத். வடக்கே ஏதோ பெரிய நகரத்திலிருந்து வந்தவள். பதவி, அனுபவப் பாதுகாப்பு அலுவலர். அவள் பட்டியலில் நாற்பத்தெட்டு பேர். பேருந்தில் நாற்பத்தேழு. எண் பொருந்தாமல் பேருந்து நகரக்கூடாது. ஏற்கெனவே ஆறு நிமிடம் தாமதம். படியருகே நின்ற நசாரியோவைப் பார்த்ததும் அவள் முகம் மலர்ந்தது. பச்சை நிற வட்டச் சீட்டு ஒன்றை அவன் சட்டையில், நெஞ்சுக்கு நேராக, அழுத்தி ஒட்டினாள். இருபத்து மூன்று.

வில்பெர்த் காதோரமாகச் சொன்னான்: "ஏறுங்க மச்சான், நம்ம அதிர்ஷ்டம்."

இருபத்து நான்காம் எண்காரி ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தாள். டுவைலா என்று பெயர். நெப்ராஸ்காவில் பள்ளிப் பிள்ளைகளுக்கு ஸ்பானியம் கற்றுக்கொடுத்து ஓய்வு பெற்றவள். நசாரியோ தயங்கி நின்றதும் பக்கத்து இருக்கையைத் தட்டிக் காட்டினாள்.

"உட்காருங்க. இது என் வீட்டுக்காரர் சீட்டு. அவர் கப்பல்ல பாருக்குப் பக்கத்துல சாஞ்சு தூங்கிட்டிருக்கார். நான் எழுப்பல."

"அவரைத் தேட மாட்டாங்களாம்மா?"

"தேடுவாங்கன்னுதான் பயந்துட்டிருந்தேன். நீங்க வந்துட்டீங்க."

வண்டி புறப்பட்டதும் யாமிலெத் ஒலிவாங்கியை எடுத்து ஆங்கிலத்தில் பேசினாள். டுவைலா நசாரியோவுக்கு மொழிபெயர்த்தாள்.

"அன்பான விருந்தினர்களே! இன்னைக்கு முழுக்க நீங்க சுதந்திரமா இருக்கப் போறீங்க. அதுக்கு மொத்தம் பதினேழு விதி."

முதல் விதி, குழுவை விட்டு யாரும் பிரியக்கூடாது. மற்ற பதினாறும் அதற்கு விளக்கங்கள். அடுத்து ஒரு படிவம் வந்தது. பாம்பு, தேள், வெயில், ஈரம், உணர்ச்சிவசப்படுதல், வரலாறு ஆகியவற்றால் ஏற்படும் எந்தத் தீங்குக்கும் கம்பெனி பொறுப்பல்ல என்று அதில் இருந்தது. நசாரியோ கையெழுத்துப் போட்டான். இன்னும் நாற்பது நிமிடத்தில் இறங்கப் போகிறவனுக்கு எதில் கையெழுத்துப் போட்டால் என்ன?

எங்கள் ஊர் வளைவு வந்தது. நசாரியோ எழுந்து முன்னால் போனான். அவன் வீட்டு வாசலில் ஆவெலினா துணி காயப்போட்டுக்கொண்டிருந்ததுகூடத் தெரிந்தது. பேருந்து வேகம் குறையவில்லை.

"நிறுத்துங்க! நான் இறங்கணும்!"

"சார், உட்காருங்க. இது நிறுத்தம் இல்ல," என்றாள் யாமிலெத், ஸ்பானியத்தில்.

"இது என் ஊரு மேடம். அந்தா நிக்கிறது என் பொண்டாட்டி!"

யாமிலெத் கனிவாகச் சிரித்தாள். "ரொம்பப் பேருக்கு இப்படித் தோணும் சார். இந்த மண்ணோட சக்தி அது. போன மாசம் ஒஹாயோக்காரர் ஒருத்தர் தானே இங்க ராஜாவா இருந்தேன்னு அழுதாரு."

"நான் நசாரியோ கனுல். அன்னாசி போடுறவன். வில்பெர்த்தைக் கேளுங்க, என் மைத்துனன்தான்!"

வில்பெர்த் ஒலிவாங்கியைத் துடைக்கத் தொடங்கினான். அவன் நிலைமை எனக்குப் புரிகிறது. ஆமாம் என்றால் வெளியாளை ஏற்றிய குற்றம். இல்லை என்றால் அக்கா வீட்டில் கால் வைக்க முடியாது. ஆகவே துடைத்தான்.

"சார்," என்றாள் யாமிலெத், "நீங்க யாருங்கிறது உங்க சொந்த விஷயம், அதுல நாங்க தலையிடவே மாட்டோம். நீங்க இருபத்து மூணு. அதை மட்டும் எங்ககிட்ட விட்டுருங்க."

பேருந்து மேட்டுத் திருப்பத்தையும் தாண்டிப் போனது. துறையில் அன்று இரண்டு கப்பல். இன்னொரு கப்பலில் வந்தவர்கள் மேட்டில் இருந்ததால் இவர்களுக்குத் தலைகீழ் வரிசை. முதலில் காயல், பிறகு மேடு. நசாரியோ திரும்பிப் பார்த்துக்கொண்டே இருந்தான். ஊர்த் தண்ணீர்த்தொட்டி கடைசியாக மறைந்தது.

காயலில் இறங்கும்போது மணி ஒன்பது. பேருந்துக் கடிகாரத்தில் எட்டு.

"உங்க கடிகாரம் தப்பு," என்றான் நசாரியோ.

"அது கப்பல் நேரம் சார். நீங்க இங்க இருந்தாலும் கப்பல்லதான் இருக்கீங்க."

"எனக்குப் பதினொண்ணுக்குக் கூட்டம்."

"அப்ப உங்களுக்கு ஒரு மணி நேரம் லாபம்தானே," என்று அவள் மனமாரச் சொன்னாள்.

காயல் ஏழு நீலம் கொண்டது என்று பயணச்சீட்டில் அச்சிட்டிருந்தது. விருந்தினர்கள் கரையில் வரிசையாக நின்று எண்ணினார்கள். முப்பத்தோராம் எண்காரருக்கு ஐந்துதான் கிடைத்தது. குறைப் புகார் எழுதப் போனார். யாமிலெத் ஒரு வண்ண அட்டையை எடுத்து, விடுபட்ட இரண்டு நீலத்தையும் அதில் காட்டிக் கையெழுத்து வாங்கிக்கொண்டாள். பிறகு எல்லோருக்கும் மிதவைச் சட்டை மாட்டி, கயிறு கட்டிய ஒரு சதுரத்துக்குள் இருபத்திரண்டு நிமிடம் நீந்தவிட்டார்கள். நாற்பத்தெட்டு பேரும் ஆரஞ்சு நிறத்தில், ஒருவர் முழங்கையில் ஒருவர் இடித்தபடி, சுதந்திரமாக மிதந்தார்கள்.

நசாரியோ அந்தத் தண்ணீரில் நடக்கப் பழகுமுன் நீந்தியவன். எதிர்க்கரையில் சாலை இருப்பது அவனுக்குத் தெரியும். அங்கே ஒரு லாரியைப் பிடித்தால் பத்தரைக்கு ஊர். மிதவைச் சட்டையைக் கழற்றிக் கயிற்றில் கட்டினான். முக்குளித்துக் கயிற்றுக்கு அடியில் வெளியேறினான். நூறு கை வீசியிருப்பான். விசில் மேல் விசில். மோட்டார் படகு ஒன்று சுற்றி வந்து அவன் முன்னால் நின்றது. ஓட்டியவன் எங்கள் ஊர் ஹசிந்தோ, கம்பெனிச் சீருடையில்.

"நசாரியோ? நீ என்னய்யா இங்க பண்ற?"

"கூட்டத்துக்குப் போறேன்டா! விடு!"

"விட்டா என் வேலை போயிரும். ஏறிரு, கோவிச்சுக்காத. பைனாகுலர்ல பாத்துக்கிட்டிருக்காங்க."

"உனக்கும் இன்னைக்கு அங்க ஓட்டு இருக்குல்ல?"

ஹசிந்தோ தலையைச் சொறிந்தான். "லீவு கேட்டோம் நாங்க பதினாலு பேரும். ரெண்டு கப்பல் வர்ற நாள்ல யாரும் நகரக்கூடாதுன்னுட்டாங்க."

"உங்க கம்பெனிக்கு நிலம் வேணும்னுதானேடா இந்த ஓட்டே?"

"அது பூங்காப் பிரிவு. இது உலாப் பிரிவு. அவங்க வேற மாடி."

படகில் ஏறியபோது நசாரியோவுக்கு முதல்முறையாகக் கோபத்தைவிடக் குழப்பம் அதிகமாக இருந்தது. கரையில் அவனுக்கு உலர்ந்த துண்டும், சர்க்கரைத் தண்ணீரும், 'ஆர்வமிகுந்த விருந்தினர்' என்ற பட்டமும், இரண்டு காவலர்களும் காத்திருந்தார்கள். அதன்பின் அந்தக் காவலர்கள் அவனுக்கு இடமும் வலமுமாகவே நடந்தார்கள். சிறுநீர் கழிக்கப் போனபோதும் அப்படித்தான்.

மேட்டுக்கு வந்து சேர்ந்தபோது பத்தே முக்கால், எங்கள் நேரம். மேட்டிலிருந்து சபைக் கட்டடம் முந்நூறு அடி. நடுவே மரங்கள், ஒரு கம்பிவேலி, நசாரியோவின் அன்னாசி. வேலிக்குப் பக்கத்தில் கயிறு கட்டி 'அனுபவ எல்லை' என்று எழுதியிருந்தார்கள். அதற்கு அப்பால் தன் அன்னாசிச் செடிகளின் நுனியை அவன் பார்த்துக்கொண்டு நின்றான்.

வாயிலில் கஸ்பார் நின்றான். ஊரில் அவன் பன்றி வளர்க்கிறவன். இங்கே தலையில் இரண்டு முழ இறகு, மார்பில் சாயம், கையில் புகைச் சட்டி, பழங்காலப் பூசாரி. ஒவ்வொரு விருந்தினரையும் புகை காட்டி ஆசீர்வதித்தான். நசாரியோ முறை வந்தது. கஸ்பாரின் வாய் திறந்தபடி நின்றது. பிறகு மாயா மொழியில், மந்திர ராகம் மாறாமல், பாடினான்:

"நசாரியோ... உன் பொண்டாட்டி உன்னைத் தேடி... கடை கடையா அலையறா..."

நசாரியோவும் அதே ராகத்தில் பதில் சொன்னான்: "போய்ச் சொல்லேன்டா... பன்னிப் பயலே..."

"நகர முடியாது... நாலு மணி வரைக்கும்..."

நாற்பத்தேழு பேரும் கைபேசியில் படம் பிடித்தார்கள். இவ்வளவு ஆழமான ஆசீர்வாதம் வேறு எந்த உலாவிலும் கிடைத்ததில்லை என்று யாமிலெத் குறித்துக்கொண்டாள்.

பிறகு வில்பெர்த் எல்லோரையும் மேட்டின் அடியில் வட்டமாக நிறுத்தி, அட்டையில் இருந்ததை ஒப்பித்தான். கம்பெனி எழுதிக் கொடுத்தது. ஒரு சொல் மாற்றக்கூடாது.

"...இப்படி வானியலிலும் கணிதத்திலும் சிறந்து விளங்கிய மாயர்கள், சுமார் ஆயிரத்து நூறு ஆண்டுகளுக்கு முன்பு, மர்மமான முறையில் மறைந்துபோனார்கள்."

"எங்க போனாங்க?" என்று டுவைலா கேட்டாள்.

வில்பெர்த் அட்டையைப் பார்த்தான். "அது இன்று வரை யாருக்கும் தெரியாது."

அந்த நேரத்தில்தான் நான் ஒலிபெருக்கியைப் போட்டேன்.

எனக்கு இதெல்லாம் தெரியாது. நான் பாட்டுக்கு வருகைப் பதிவைத் திறந்து, வழக்கம்போல ஒவ்வொரு பெயரையும், தகப்பன் வழி தாய் வழிப் பெயர்களை முன்னால் வைத்து, மூன்று முறை கூப்பிட்டேன்.

"எக் சூல், ஹசிந்தோ! ஹசிந்தோ! ஹசிந்தோ!... வரவில்லை."

மரங்களுக்கு மேலாக என் குரல் மேட்டில் வந்து விழுந்தது. விருந்தினர்கள் அண்ணாந்து பார்த்தார்கள்.

"போட் துஸ், கஸ்பார்! கஸ்பார்! கஸ்பார்!... வரவில்லை."

புகைச் சட்டியோடு நின்ற கஸ்பார் தலையைக் குனிந்துகொண்டான். இறகு முன்னால் சரிந்தது.

"பெச் கவிச், வில்பெர்த்!"

வில்பெர்த் அட்டையிலிருந்து தலையைத் தூக்கினான். அவன் உதடு அசைந்ததை நசாரியோ பார்த்தான், சத்தம் வரவில்லை.

"என்ன அது?" என்று யாரோ கேட்டார்கள்.

யாமிலெத் சமாளித்தாள். "முன்னோர்களின் பெயர்களை அழைக்கும் தொன்மையான சடங்கு. இது உங்க கட்டணத்துலயே அடங்கும்."

"கனுல் உக், நசாரியோ!"

"இருக்கேன்!" என்று நசாரியோ கத்தினான். "இருக்கேன்டா! இங்கதான் இருக்கேன்!"

இரண்டாம் முறை நான் கூப்பிட்டபோது அவன் மேட்டின் படிகளில் பாதி ஏறியிருந்தான். கைகளை ஆட்டினான். காவலர்கள் பின்னாலேயே ஏறினார்கள். படிகளில் ஏறுவதற்குத் தடை என்பதால் ஒருவரையொருவர் எச்சரித்துக்கொண்டே ஏறினார்கள். மூன்றாம் முறை கூப்பிட்டபோது ஒரு காவலன் அவன் வாயைப் பொத்தினான். கீழே எல்லோரும் கைதட்டினார்கள்.

சபையில் எனக்கு ஏதோ சத்தம் கேட்டது. கப்பல்காரர்கள் கூச்சல் போடுவது புதிதல்ல. 'வரவில்லை' என்று எழுதினேன்.

அவனைக் கீழே கொண்டுவந்து நிழலில் உட்காரவைத்து, உணர்ச்சிவசப்பட்டவர்களுக்கான தனிப் படிவம் ஒன்றை யாமிலெத் எடுத்தாள். வில்பெர்த் வந்து குந்தினான்.

"மச்சான், ஒரு சொட்டு தண்ணி குடிங்க."

"வேணும்னேதானே என்னை ஏத்தின? என் ஓட்டைத் தடுக்கத்தானே?"

"அக்கா மேல சத்தியமா இல்ல மச்சான். எனக்கும்தான் பேரு கூப்பிட்டாங்க. நான் அந்த அட்டையை வச்சுக்கிட்டு நின்னேன்." அவன் அட்டையைக் கவிழ்த்து வைத்தான். "மறைஞ்சு போயிட்டாங்கன்னு தினம் மூணு தடவை சொல்றேன். இன்னைக்குத்தான் முதல் தடவையா எனக்கே கேட்டுச்சு."

ஒலிபெருக்கியில் என் குரல் மறுபடி வந்தது. நிலம் பற்றிய முடிவுக்கு முக்கால்வாசி உறுப்பினர்கள் வேண்டும். வந்தது பதினாறு பேர். ஆகவே கூட்டம் ஒத்திவைக்கப்படுகிறது. இரண்டாம் கூட்டம் பத்தொன்பதாம் தேதி செவ்வாய், பதினொரு மணி. அதற்குப் பாதிக்கு மேல் ஒருவர் வந்தாலே போதும்.

"பத்தொன்பதாம் தேதி நாங்க எல்லாரும் வந்துருவோம்," என்றான் வில்பெர்த், ஆறுதல் சொல்வதாக நினைத்து. "அன்னைக்கு இந்த ஒரு கப்பல்தான் வருது. லீவு கிடைச்சிரும்."

அதன்பின் மதியச் சாப்பாட்டுக் கூரையின் கீழ் மாயர் விருந்து என்று கொடுத்த உப்புச்சப்பில்லாத கோழியை நசாரியோ மென்றுகொண்டே இருந்தான். இடப்பக்கம் ஒரு காவலன், வலப்பக்கம் ஒரு காவலன். அவன் யோசித்துக்கொண்டிருந்தான் என்பது டுவைலாவுக்கு மட்டும் தெரிந்தது.

துறைக்குத் திரும்பியபோது நேராகக் கப்பலுக்கு விடவில்லை. குளிரூட்டிய ஒரு கூடத்தில் அடைத்து, ஆளுக்கொரு மதிப்பீட்டுத் தாள் கொடுத்தார்கள். அதை நிரப்பாமல் வெளிக்கதவு திறக்காது. யாமிலெத் ஒரு சிறு சொற்பொழிவு ஆற்றினாள்.

"எங்க கம்பெனியில முதலாளி கிடையாது, விருந்தினர்தான் முதலாளி. இந்தத் தாள்ல நீங்க எழுதுற ஒரு வரிக்காக நாங்க ஒரு மலையை நகர்த்துவோம். மலையே வேண்டாம்னு கெஞ்சினாலும் விடமாட்டோம்."

நசாரியோ டுவைலா பக்கம் திரும்பினான்.

"அம்மா, இங்கிலீஷ்ல எனக்காக எழுதித் தருவீங்களா?"

"திட்டி எழுதணுமா? சந்தோஷமா எழுதறேன்."

"இல்ல. பாராட்டி."

அவன் சொல்லச் சொல்ல அவள் எழுதினாள். பெயர் இருக்க வேண்டிய இடத்தில் 'இருபத்து மூன்று', எல்லாக் கட்டங்களிலும் 'மிகச் சிறப்பு'. இறுதியில்: பத்தொன்பதாம் தேதி இதே கப்பலில் என் தேவாலயத்தைச் சேர்ந்த நாற்பது பேருடன் மறுபடி வருகிறேன். மேட்டில் சரியாகப் பதினொரு மணிக்கு, கீழ்க்கண்ட பதினான்கு பேரும் எங்களை வரவேற்க நின்றாக வேண்டும். ஒருவர் குறைந்தாலும் எங்கள் அனுபவம் பாழ். பிறகு பெயர்கள். எக் சூல் ஹசிந்தோ. போட் துஸ் கஸ்பார். பெச் கவிச் வில்பெர்த். எல்லாமும்.

எழுதி முடித்துவிட்டு டுவைலா கண்ணாடிக்கு மேலாக அவனைப் பார்த்தாள். "இருபத்தேழு வருஷம் வாத்தியாரா இருந்திருக்கேன். இது பாராட்டு இல்லைன்னு எனக்குத் தெரியுது."

"பாராட்டுதாம்மா. வேலையை விட்டு நகராதவங்க."

அவள் சிரிக்கவில்லை. பேனாவால் கடைசியில் ஒரு ஆச்சரியக்குறி போட்டாள்.

கப்பல் வாசலில் கடைசிச் சிக்கல். இருபத்து மூன்றாம் எண் இன்று கப்பலைவிட்டு இறங்கவே இல்லை என்றது இயந்திரம். இறங்காதவன் ஏற முடியாது. ஏறாவிட்டால் யாமிலெத்தின் கணக்கில் ஒருவன் குறைவான். அவள் வெகுநேரம் நின்று யோசித்தாள். பிறகு நசாரியோவின் நெஞ்சிலிருந்து சீட்டை உரித்து, தன் பட்டியலில் ஒட்டி, 'விருந்தினர் முழுமையாகத் திரும்பினார்' என்று எழுதினாள். சீட்டு போனதும் காவலர்கள் அவனை முதல்முறையாக ஏற இறங்கப் பார்த்தார்கள்.

"யோவ், நீ யாருய்யா இங்க? வெளிய போ!"

அவன் வெளியே போனான்.

பாராட்டுத் தாள் நான்கு நாளில் மூன்று மாடி ஏறியது. ஒரு விருந்தினர் பதினான்கு ஊழியர்களின் பெயரை, தகப்பன் வழிப் பெயரும் தாய் வழிப் பெயருமாகப் பிழையில்லாமல் நினைவில் வைத்திருந்தது கம்பெனி வரலாற்றில் முதல்முறையாம். பதினான்கு பேரின் படத்தையும் சட்டம் போட்டு மாட்டினார்கள். பத்தொன்பதாம் தேதி இவர்களுக்கு ஓட்டுப்போட விடுப்பு வேண்டும் என்று பூங்காப் பிரிவு எழுதியது. விருந்தினர் பெயர் சொல்லிக் கேட்டவர்களை நகர்த்த விதியில் இடமில்லை என்று உலாப் பிரிவு பதில் எழுதியது. பூங்காப் பிரிவு மறுபடி எழுதியது. உலாப் பிரிவு அந்தக் கடிதத்துக்கும் மதிப்பீட்டுத் தாள் ஒன்றை இணைத்து அனுப்பியது.

பத்தொன்பதாம் தேதி நான் பெயர் கூப்பிட்டேன். பதினேழு பேர் பதில் கொடுத்தார்கள். நசாரியோ நான் முதல் முறை கூப்பிடுமுன்பே எழுந்து நின்றான். பூங்காவுக்கு ஆதரவாக ருத்திலியோவின் ஒரே கை தனியாக உயர்ந்தது; சுற்றிப் பார்த்துவிட்டு அதுவும் தாடையைச் சொறியப் போய்விட்டது. பதினாறுக்கு ஒன்று. மனு தள்ளுபடி.

அன்று மாலை வில்பெர்த் அக்கா வீட்டுக்கு வந்தான். முகமும் கழுத்தும் வெயிலில் கன்றியிருந்தன. நானும் அங்கே இருந்தேன். ஆவெலினா அன்னாசி நறுக்கிக் கொண்டுவந்து வைத்தாள்.

"பத்து மணியிலேர்ந்து ஒண்ணு வரைக்கும் பதினாலு பேரும் வரிசையா நின்னோம் மச்சான். அந்தாளு வரல. நாற்பது பேரும் வரல."

நசாரியோ மிளகாய்ப் பொடிக் கிண்ணத்தை அவன் பக்கம் தள்ளினான். வில்பெர்த் அவன் முகத்தை உற்றுப் பார்த்தான். பிறகு ஒரு துண்டை எடுத்துத் தொட்டுக் கடித்தான்.

"வரலன்னு எழுதினா தன் வேலை போயிரும்னு யாமிலெத் மேடம் அழுதுச்சு. நாங்கதான் சொன்னோம், வந்ததா எழுதிருங்கன்னு. சாட்சிக் கையெழுத்தும் போட்டுட்டோம்."

ஆகவே அந்தப் பத்தொன்பதாம் தேதி பதினொரு மணிக்கு இருபத்து மூன்றாம் விருந்தினர் மேட்டில் நின்று முழுத் திருப்தி அடைந்ததாகக் கம்பெனியின் புத்தகத்தில் இருக்கிறது, பதினான்கு கையெழுத்துகள். அதே நேரத்தில் நசாரியோ கனுல் சபையில் இருந்ததாக என் புத்தகத்தில் இருக்கிறது. பதினேழு கையெழுத்துகள், சபை முத்திரை. மாவட்ட அலுவலகத்திலிருந்து யாராவது வந்து கேட்டால் இரண்டையும் காட்டத் தயாராக இருக்கிறேன். இதுவரை யாரும் வரவில்லை.